35 ஆண்டு வீட்டுக் கடன்: 11 ஆண்டு கட்டிய அனுபவம்

கோலாலம்பூர் செந்தூலில் நாங்கள் குடியிருக்கும் கொண்டோ அடுக்குமாடி வீட்டை 2014-இல் வாங்கினோம். என்ன விலை என்று யாராவது கேட்டால் "நாலு லட்சத்து இருபதாயிரம் வெள்ளி" (ரிங்கிட்) என்றுதான் இன்றும் வாயில் வருகிறது. ஆனால் நான் கையெழுத்துப் போட்ட கடன் கணக்கின்படி அது ஏழு லட்சத்து எழுபதாயிரம் வெள்ளி வீடு. நடுவில் இருக்கும் அந்த மூன்றரை லட்சம் என் கண்ணில் பட ஐந்து ஆண்டு ஆனது. கைப்பேசியை ஆறு மாதம் வைத்திருந்துவிட்டு விமர்சனம் எழுதுகிறார்கள். நான் ஒரு வீட்டுக் கடனை 11 ஆண்டு வைத்திருக்கிறேன், எழுதினால் என்ன என்று தோன்றியது.

என் அப்பா செந்தூல் ரயில்வே பட்டறையில் வேலை செய்தவர். நான் வளர்ந்ததெல்லாம் குவாட்டர்ஸில். அவர் ஓய்வு பெற்றபோது சாவியைத் திருப்பிக் கொடுத்துவிட்டு வாடகை வீட்டுக்கு வந்தோம். அன்று சாமான் ஏற்றிய லாரிக்குப் பின்னால் அப்பா சைக்கிளில் வந்தது இன்னும் நினைவில் இருக்கிறது. அதனால் சொந்த வீடு என்ற பேச்சு வந்தபோது எங்கள் வீட்டில் யாருக்கும் கணக்குப் பார்க்கும் மனநிலை இல்லை. கடன் கிடைக்குமா, கிடைக்காதா என்பது ஒன்றுதான் கவலை.

கடன் கிடைத்தது. ஆனால் விலை 420,000 என்றாலும், பேங்க் அனுப்பிய மதிப்பீட்டாளர் வீட்டை 400,000 என்று மதிப்பிட்டார். பேங்க் தரும் 90 விழுக்காடு இந்த மதிப்பின் மேல்தான். ஆக கடன் 360,000. மீதி 60,000 எங்கள் கையிலிருந்து. அப்புறம் வீட்டைப் பெயர் மாற்றும் முத்திரைத் தீர்வை 7,400, கடன் பத்திரத்துக்கு அரை விழுக்காடு என்று 1,800, இரண்டு பத்திரங்களுக்குமான லாயர் கட்டணம் 6,000-க்கு மேல். பத்து விழுக்காடு கையில் இருந்தால் வீடு வாங்கிவிடலாம் என்று நம்பிக்கொண்டிருந்தவனுக்கு இது முதல் அடி. மனைவியின் இரண்டு சங்கிலிகள் அடகுக் கடைக்குப் போயின. இரண்டு ஆண்டு கழித்துத்தான் திரும்பி வந்தன.

இப்போது தவணைக்கு வருகிறேன். கடன் பிரிவுத் தம்பி காப்பிக் கடையில் வந்து உட்கார்ந்து, கால்குலேட்டரைத் தட்டிச் சொன்னார்: "அண்ணே, மாசம் கம்மியா வரணும்னா முப்பத்தஞ்சு வருசம் போட்டுடுங்க. எல்லாரும் அதான் போடுறாங்க." அவர் சொன்னதில் பொய் இல்லை. அதற்கு முந்தைய ஆண்டுதான் மத்திய வங்கியான பேங்க் நெகாரா அதிகபட்சக் காலத்தை 35 ஆண்டு என்று குறைத்திருந்தது. அதற்கு முன் 45 ஆண்டுகூடக் கிடைத்தது. எனக்கு அப்போது வயது 34. கடைசித் தவணை கட்டும்போது 69. தனியார் துறையில் ஓய்வு வயது 60. இந்த மூன்று எண்களையும் அன்று அந்த மேசையில் நான் சேர்த்துப் பார்க்கவில்லை. "மாதம் 1,693" என்பதை மட்டும்தான் பார்த்தேன். சம்பளத்தில் அடங்கியது. சரி என்றேன்.

அன்றைய பிஎல்ஆர், அதாவது பேங்க்கின் அடிப்படைக் கடன் வட்டி, 6.85 விழுக்காடு, அதில் 2.40 கழிவு. ஆக வட்டி 4.45. இதே 360,000 கடனை 30 ஆண்டுக்குப் போட்டிருந்தால் தவணை 1,813 வந்திருக்கும். மாதம் 120 வெள்ளிதான் கூடுதல். அப்போது ஆஸ்ட்ரோ டிவிக்கும் இரண்டு கைப்பேசிக்கும் கட்டிக்கொண்டிருந்த பணம் அதைவிட அதிகம். அந்த 120 வெள்ளியைக் கட்டியிருந்தால் மொத்த வட்டியில் 58,000 குறைந்திருக்கும், ஐந்து ஆண்டும் மிஞ்சியிருக்கும். 25 ஆண்டு என்றால் தவணை 1,991. அது எங்களால் முடிந்திருக்காது, அதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் 30 முடிந்திருக்கும். யாரும் அந்தக் கணக்கைப் போட்டுக் காட்டவில்லை, நானும் கேட்கவில்லை.

காட்டவில்லை என்று சொல்வதும் முழு உண்மை இல்லை. பத்திரத்தோடு பிராடக்ட் டிஸ்குளோஷர் ஷீட் என்று சில தாள்களைக் கொடுப்பார்கள். பல ஆண்டு கழித்து, பிறப்புப் பத்திரம் தேடும்போது அது கையில் சிக்கியது. கடனை முழுதாகக் கட்டி முடிக்கும்போது நீங்கள் செலுத்தியிருக்கும் மொத்தத் தொகை என்று ஒரு வரி. அதற்கு நேரே 710,888. அதற்குக் கீழே வட்டி ஒரு விழுக்காடு ஏறினால் தவணை 1,921, இரண்டு ஏறினால் 2,163 என்று கட்டம் போட்டுக் கொடுத்திருந்தார்கள். அந்தப் பக்கத்தின் கீழ் மூலையில் என் சுருக்கொப்பம். பேனா மை கொஞ்சம் இழுபட்டிருக்கிறது. அவசரமாகப் போட்டது.

அன்று நாங்கள் சரியாகச் செய்த ஒரே காரியம் காப்புறுதி. கடன் வாங்கியவர் இறந்தால் மிச்சக் கடனை அடைக்கும் எம்ஆர்டிஏ, அதன் பிரீமியம் 10,000 வெள்ளி. "லோன்லயே சேர்த்துடலாம்ணே, மாசம் 47 வெள்ளிதான் கூடும்" என்றார் தம்பி. என் மனைவி தமிழ்ப்பள்ளி ஆசிரியை. கைப்பேசியில் 47-ஐ 420 மாதத்தால் பெருக்கி, திரையை என் பக்கம் திருப்பிக் காட்டினாள். 19,740. "ஏங்க, பத்தாயிரத்துக்கு இவ்வளவா?" அவளுடைய கூடப்பிறந்த தம்பியிடம் கைமாற்று வாங்கி அதை ரொக்கமாகக் கட்டினோம். அதே பெருக்கலை 1,693-க்கும் போட்டுப் பார்க்க ஏனோ எங்கள் இருவருக்கும் தோன்றவில்லை. பெரிய எண்ணைப் பார்த்தால் மனசு தானாகவே வேறு பக்கம் திரும்பிக்கொள்கிறது போல.

முதல் மாதத் தவணை 1,693-இல் வட்டிக்குப் போனது 1,335. அசலில் கழிந்தது 358. இங்கே ஒரு பேச்சு உண்டு: வாடகை கொடுப்பது காசைத் தண்ணீரில் போடுவது மாதிரி என்று. எங்கள் புளோக்கிலேயே அதே அளவு வீட்டை அப்போது 1,400 வெள்ளிக்கு வாடகைக்கு விட்டிருந்தார்கள். எனக்கோ வட்டி 1,335, பராமரிப்புக் கட்டணமும் பெரிய பழுதுகளுக்கான சிங்கிங் ஃபண்டும் சேர்த்து 308. திரும்பி வராத பணம் என்று பார்த்தால் வாடகைக்காரரைவிட நான்தான் மாதம் இருநூற்றுச் சொச்சம் கூடுதலாகத் தண்ணீரில் போட்டிருக்கிறேன். வீடு வாங்கியதில் எனக்கு வருத்தம் இல்லை. அந்தப் பேச்சை மட்டும் இப்போது நான் யாரிடமும் சொல்வதில்லை.

2019 கடைசியில் ஐந்து ஆண்டு முடிந்தது. வருடாந்திரக் கணக்குத் தாள் வந்தபோது சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்து கூட்டிப் பார்த்தேன். கட்டியது ஏறக்குறைய ஒரு லட்சம். மிச்சக் கடன் 335,000 சொச்சம். அதாவது ஒரு லட்சத்தில் முக்கால் பங்கு வட்டி. பேங்க் ஏதோ தப்பாகப் போட்டுவிட்டது என்றுதான் முதலில் நினைத்தேன். தப்பே இல்லை. மிச்சமிருக்கும் அசலுக்கு அன்றன்றைக்கு வட்டி போடுகிறார்கள். அசல் மலை மாதிரி இருக்கும்போது தவணையின் பெரும்பகுதியை வட்டியே தின்றுவிடும். கடனை 35 ஆண்டுக்கு நீட்ட நீட்ட அந்தத் தின்னும் காலமும் நீளும்.

பயத்தில் முதலில் தோன்றியது ஊழியர் சேமநிதியான இபிஎஃப். இரண்டாம் கணக்கிலிருந்து எடுத்து வீட்டுக் கடனைக் குறைக்கலாம், பலரும் செய்கிறார்கள். பாரம்கூட எடுத்து வைத்துவிட்டேன். மறுபடியும் மனைவிதான். 2018-க்கு இபிஎஃப் கொடுத்த லாப ஈவு 6.15 விழுக்காடு, எங்கள் கடன் வட்டி அப்போது நாலேகால் போல. "ஆறு தர்ற இடத்துல இருந்து எடுத்து நாலேகாலுக்கு அடைக்கப் போறீங்களா?" என்றாள். பாரத்தை உள்ளே வைத்தேன். அதற்குப் பிறகு இபிஎஃப் குறைந்தபட்சம் கொடுத்தது 2020-இல் 5.20, அதிகபட்சம் 2024-இல் 6.30. அவள் சொன்னது சரிதான். ஆனால் தவணை கட்ட முடியாமல் திணறும் ஒருவருக்கு இந்தக் கணக்கு பொருந்தாது. வீடு ஏலத்துக்குப் போகும் நிலையில் லாப ஈவைப் பற்றிப் பேசுவது வேடிக்கை.

2020 ஏப்ரலில் இருந்து செப்டம்பர் வரை மொராட்டோரியம். ஆறு மாதம் தவணை கட்ட வேண்டாம், தானாகவே கிடைத்தது. நாடே அடைந்து கிடந்த நேரம், சம்பளத்திலும் கை வைத்திருந்தார்கள், அது பெரிய மூச்சுதான். ஆனால் வட்டி மூச்சு விடவில்லை. அந்த ஆறு மாதத்தில் என் கடனோடு 5,000 வெள்ளிக்கு மேல் சேர்ந்துகொண்டது. தேவைப்பட்ட நேரத்தில் வாங்கிய உதவிக்கு அந்த விலை எனக்கு நியாயமாகவே படுகிறது. சம்பளம் குறையாமலே அதை எடுத்துக்கொண்டு புது டிவி வாங்கிய நண்பர்களை நினைத்தால்தான் வயிறு எரிகிறது.

அதே ஆண்டில், கடன் வட்டிகளை ஏற்றி இறக்கும் பேங்க் நெகாராவின் கொள்கை வட்டியான ஓபிஆர் நான்கு முறை இறங்கி ஜூலையில் 1.75-க்கு வந்தது. தவணையை 1,470 ஆகக் குறைத்திருப்பதாக பேங்க்கிலிருந்து கடிதம். குறைக்க வேண்டாம், மாறாக 2,000 ஆகக் கட்டுவோம் என்று முடிவு செய்தோம். பழைய 1,693-ஐயே கணக்கில் வைத்துப் பார்த்தால், மீதி 30 ஆண்டு 22 ஆண்டாகச் சுருங்கும், 80,000 வெள்ளிக்கு மேல் வட்டி மிஞ்சும். 69 வயது 61 ஆகும். 2021 ஜனவரியில் இருந்து சம்பளக் கணக்கிலிருந்து தானாகப் போகும்படி போட்டுவிட்டு, பெரிய மனுசன் மாதிரி இருந்தேன்.

ஓராண்டு கழித்துக் கணக்குத் தாளைப் பார்த்தால், கூடுதலாகக் கட்டிய 6,360 வெள்ளி அசலில் கழியவே இல்லை. முன்கூட்டிச் செலுத்திய தவணை என்று தனியாக ஒரு மூலையில் சும்மா உட்கார்ந்திருந்தது. என்னுடையது சாதாரண டெர்ம் லோன். ஃபிளெக்ஸி கடனாக இருந்தால் போட்ட உடனே வட்டி குறையும். இதில் "இது அசலுக்கு" என்று எழுதிக் கொடுத்தால்தான் உண்டு. கிளைக்குப் போய் எண் வாங்கி ஒன்றரை மணி நேரம் உட்கார்ந்து, ஒரு பாரத்தில் ஒரே ஒரு கட்டத்தில் டிக் போட்டேன். நட்டம் நூறு வெள்ளி சொச்சம்தான். ஆனால் அந்தத் தாளைப் பிரிக்காமல் அலமாரியில் போட்டிருந்தால், இருபது ஆண்டு இப்படியே போயிருக்கும். கூடுதலாகக் கட்டுகிறவர்கள் எல்லாரும் தங்கள் கணக்குத் தாளில் இதை ஒருமுறை பார்த்துவிடுங்கள்.

வேறு பேங்க்குக்கு மாற்றலாமா என்றும் பார்த்தேன். மறுபடி முத்திரைத் தீர்வை, லாயர், மதிப்பீடு என்று ஏழு எட்டாயிரம் வந்தது. என் வட்டிக் கழிவு ஏற்கெனவே நன்றாக இருந்ததால் விட்டுவிட்டேன். முதல் சில ஆண்டுக்குள் முடித்தால் அபராதம் வேறு உண்டு, என் பத்திரத்தில் அந்தக் காலம் தாண்டியிருந்தது.

2022 மே மாதத்தில் இருந்து ஓபிஆர் ஏறத் தொடங்கி, 2023 மே மாதம் 3.00-இல் நின்றது. அலுவலகத்தில் பலர் தவணைக் கடிதத்தைக் காட்டிப் புலம்பினார்கள். நான் ஏற்கெனவே 2,000 கட்டிக்கொண்டிருந்ததால் என் கையிலிருந்து ஒரு காசும் கூடுதலாகப் போகவில்லை. உள்ளே வட்டியின் பங்குதான் பெருத்தது.

கடனைத் தவிர்த்த செலவுகளைச் சீக்கிரம் சொல்லிவிடுகிறேன். பராமரிப்புக் கட்டணம் 11 ஆண்டில் 40,000-ஐத் தாண்டிவிட்டது. ஆண்டுக்கு இருமுறை மாநகர் மன்றத்தின் மதிப்பீட்டு வரி, தீக் காப்புறுதி, லிஃப்டு பழுதானால் தனி வசூல். கடன் ஒருநாள் முடியும், இவை முடியாது.

இப்போதைய நிலவரம்: இதுவரை கட்டியது ஏறக்குறைய 235,000. அசலில் கழிந்தது 84,000. ஒன்றரை லட்சம் வட்டி. மிச்சம் 276,000. 2025 ஜூலையில் ஓபிஆர் 2.75-க்கு இறங்கியதும், 2,000-இல் அசலின் பங்கு மீண்டும் பாதியைத் தாண்டியது. மனைவி அந்த வரியைப் பேனாவால் வட்டம் போட்டு வைத்திருக்கிறாள்.

வட்டி இறங்கியதால் தவணையைக் குறைத்திருப்பதாக மறுபடி கடிதம் வந்தது. மறுபடி கிளைக்குப் போனேன், மறுபடி அதே பாரம், அதே கட்டம். முகப்பில் இருந்த தங்கச்சி பாரத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "குறைச்சுக் கட்டலாமே அங்கிள், ஏன் வேணாங்குறீங்க?" என்று கேட்டாள். கடன் வாங்கும்போது அண்ணே என்றார்கள். இப்போது அங்கிள். டிக் போட்டுக் கொடுத்துவிட்டு வந்தேன்.