பழைய அரட்டை உலகங்களுக்குள் போக எந்தக் கருவி?

பழைய மெய்நிகர் அரட்டை அறைகளை எட்டிப் பார்க்க எந்த மென்பொருள் நல்லது என்று கேட்டால், எந்த உலகம் என்றுதான் நான் முதலில் திருப்பிக் கேட்பேன். ஏனென்றால் சில இடங்களில் எதை வைத்து நுழைந்தாலும் அறை ஒன்றுதான். வேறு சிலவற்றில் கருவி மாறினால் அறையே பாதி செத்துவிடும்.

முதல் வகைக்கு லாம்ப்டாமூ என்ற அரட்டை உலகம். 1990-ல் ஜெராக்ஸ் நிறுவனத்தின் பார்க் (PARC) ஆய்வகத்தில் இருந்த பாவெல் கர்ட்டிஸ் தொடங்கியது. படமே கிடையாது, முழுக்க எழுத்து. விருந்தினராக நுழைந்தால் கோட்டு மாட்டும் இருட்டு அறைக்குள் நிற்பீர்கள்; ‘அவுட்’ என்று தட்டினால் வரவேற்பறை. தொலை சர்வரோடு எழுத்தால் பேச உதவும் பழைய நிரலான டெல்நெட்டே போதும் என்று பழைய ஆட்கள் சொல்வார்கள். போதும்தான், அறையில் வேறு யாரும் பேசாத வரை. நாம் பாதி வாக்கியத்தில் இருக்கும்போது இன்னொருவர் பேசினால், அவர் வரி நம் வரிக்கு நடுவில் வந்து விழும். எதைத் தட்டினோம், எதை அழித்தோம் என்றே தெரியாது. தவிர, விண்டோஸில் விஸ்டா காலத்திலிருந்தே டெல்நெட்டை நாமாகத் தேடி இயக்கிக்கொள்ள வேண்டும். மேக்கில் 2017-ல் எடுத்தே விட்டார்கள்.

இப்படிப்பட்ட எழுத்து உலகங்களுக்கென்றே செய்த மட்லெட் என்ற மென்பொருளில் இந்தத் தொல்லை இல்லை. தட்டும் இடம் தனி, வரும் உரை தனி. மேலே உருட்டிப் பழையதைப் படிக்கும்போதும் கீழே புது வரிகள் ஓடிக்கொண்டிருக்கும். பேச்சைக் கோப்பாகச் சேமிக்கலாம், ஒரு பெயர் வந்தால் நிறம் மாற்றச் சொல்லலாம். ஆனால் அதன் பெருமையான வரைபட வசதியை நம்பிப் போகாதீர்கள். புதிய மட் (பலர் சேர்ந்து ஆடும் எழுத்து விளையாட்டு) சர்வர்கள் பல அனுப்பும் அறைத் தகவலை லாம்ப்டாமூ அனுப்பாது; வரைபடம் நம் கைவேலைதான். டைனிஃபியூக் என்ற இன்னொரு கருவி, கட்டளைகளைத் தட்டும் டெர்மினல் திரையிலேயே குடியிருப்பவர்களுக்கு.

அப்புறம் இரண்டாம் வகை: தி பேலஸ் என்ற பட அரட்டை உலகம். தொண்ணூறுகளின் நடுவில் ஜிம் பம்கார்ட்னர் உருவாக்கியது. பின்னணிப் படத்தின் மேல் 44-க்கு 44 பிக்சல் துண்டுகளை அடுக்கி, அதிகபட்சம் ஒன்பது துண்டில் நம் உருவத்தைச் செய்துகொள்வோம். அறைக்குள் இருக்கும் விளையாட்டு, வேடிக்கை எல்லாம் இப்ட்ஸ்கிரே என்ற நிரல்மொழியில் எழுதியவை, அவை ஓடுவது சர்வரில் அல்ல, நம் கணினியில். எனவே அந்த மொழியை அரைகுறையாகப் புரிந்துகொள்ளும் கருவியில் சுவரும் பேச்சும்தான் மிஞ்சும். சொடுக்கினால் எதுவும் நடக்காது. பேலஸுக்குள் போக உலாவிக்குள்ளேயே ஓடிய ஓபன்பேலஸ் வசதியானது, ஆனால் ஃபிளாஷ் என்ற பழைய உலாவிச் செருகுநிரலுக்காக எழுதியது, 2020 முடிவில் ஃபிளாஷோடு அந்த வசதியும் போயிற்று. என் ஓட்டு, கணினியில் நிறுவும் பேலஸ்சாட் என்ற கருவிக்கு.

ஹேபிடட் இன்னும் ஒரு படி மேல். 1986-ல் லூகாஸ்ஃபிலிம் கேம்ஸ் கமடோர் 64 என்ற வீட்டுக் கணினிக்காகச் செய்த பட உலகம் இது. அதை மீட்டெடுத்த நியோஹேபிடட் குழு சர்வரைப் புதிதாக எழுதி, பழைய கமடோர் நிரலையே எமுலேட்டரில் (பழைய கணினியைப் போல நடிக்கும் மென்பொருளில்) ஓட்டுகிறது. உலாவி வழி போனால் உடனே உள்ளே போய்விடலாம். நம் கணினியில் நிறுவும் வைஸ் என்ற எமுலேட்டரில் மோடம் இணைப்பு அமைக்கவே கொஞ்சம் பொறுமை வேண்டும், ஆனால் ஜாய்ஸ்டிக்கை இஷ்டப்படி அமைத்துக்கொள்ளலாம். அது இங்கே சின்ன விஷயமில்லை: போ, செய், எடு, வை என்ற நான்கு கட்டளையும் பொத்தானை அழுத்திக்கொண்டு ஜாய்ஸ்டிக்கைத் தள்ளுவதில்தான் இருக்கின்றன. சும்மா பார்க்க உலாவி, ஒரு மாலை முழுக்கச் சுற்ற வைஸ். எதில் போனாலும் அடுத்த பகுதிக்குள் நுழையும்போது வட்டிலிருந்து படம் ஏறும் வரை காத்திருக்கத்தான் வேண்டும்.