பில் பாடியா, ஜென்கின்சனா: யாரை முதலில் படிப்பது?

இருவரும் எழுதியது இங்கிலாந்தின் 'மோட்டார் ஸ்போர்ட்' என்ற கார் பந்தய இதழில்தான். ஆனால் வேலை செய்த விதம் வேறு.

பில் பாடி 1936 முதல் 1991 வரை ஆசிரியர். போர்க்காலத்திலும் இதழை நிற்கவிடவில்லை. 1907இல் திறந்து 1939இல் மூடப்பட்ட புரூக்லண்ட்ஸ் பந்தயத் தடத்தின் வரலாற்றை அவரளவு பொறுமையாகத் தொகுத்தவர் இல்லை என்பேன். பழைய கார்களின் கதை வேண்டுமா, அவர்தான்.

டெனிஸ் ஜென்கின்சன் பந்தயத்துக்குள்ளேயே போய் உட்கார்ந்தவர். 1949இல் மோட்டார் சைக்கிள் பந்தய வீரர் எரிக் ஆலிவரின் சைட்காரில் (பைக்கின் பக்கவாட்டில் இணைத்த வண்டி) உடன் பயணித்து உலகப் பட்டம் வென்றார். அப்புறம் 1955இல் மில்லே மில்லியா என்ற இத்தாலியச் சாலைப் பந்தயம்; கார் ஓட்டியவர் ஸ்டெர்லிங் மாஸ், பக்கத்தில் வழிகாட்டியாக ஜென்கின்சன். ஏறக்குறைய 1,600 கி.மீ. சாலைகள். ஒவ்வொரு வளைவையும் முன்கூட்டியே குறித்து, நீளமான காகிதச் சுருளாகப் பெட்டிக்குள் வைத்துச் சுழற்றிப் படித்தார். மெர்சிடிஸ் காரின் இரைச்சலில் பேச்சு கேட்காது, கைச்சைகைதான். அதை நம்பி, அப்பால் என்ன இருக்கிறதென்று தெரியாத மேடுகளையும் மாஸ் முழு வேகத்தில் தாண்டினார். சராசரி வேகம் மணிக்கு சுமார் 157 கி.மீ., வெற்றி! அந்தப் பயணத்தைப் பற்றி ஜென்கின்சன் எழுதிய கட்டுரையை இப்போது படித்தாலும் உள்ளங்கை வியர்க்கிறது.

சரி, என் பரிந்துரை: முதலில் ஜென்கின்சன். அந்த வேகம் பிடித்துவிட்டால், அது எங்கிருந்து வந்தது என்று தேடி பாடியிடம் நீங்களே போவீர்கள்.