அல் ஜசீரா ஆங்கிலத் தொலைக்காட்சி: காசாவுக்குள் நிற்கும் கேமரா

காசா போரைத் தொடர்ந்து கவனிக்க விரும்புவோருக்கு அல் ஜசீராவின் ஆங்கிலச் சேவையைத் தயக்கமின்றிப் பரிந்துரைப்பேன். ஆனால் அதை மட்டும் பார்த்தால் போதும் என்று சொல்ல மாட்டேன். யூடியூபில் அதன் நேரலை கட்டணமின்றிக் கிடைக்கிறது.

இதன் பெரும்பலம், செய்தியாளர்கள் போர்முனைக்குள்ளேயே இருப்பதுதான். 2008 டிசம்பர் இறுதியில் தொடங்கிய போரின்போது வெளிநாட்டுச் செய்தியாளர்களைக் காசாவுக்குள் இஸ்ரேல் அனுமதிக்கவில்லை. அவர்களில் பலர் எல்லைக்கு வெளியே குன்றின்மேல் நின்று, தொலைவில் எழும் புகையைக் காட்டிக்கொண்டிருந்தபோது, முன்பே உள்ளே இருந்த அல் ஜசீராவின் ஐமன் மொஹியெல்தீனும் ஷெரீன் தத்ரோஸும் காயமடைந்தோர் கொண்டுவரப்பட்ட மருத்துவமனைகளிலிருந்து செய்தி தந்தனர். குன்றிலிருந்து பார்த்தவருக்கு அது ஓர் இலக்கின் மீதான தாக்குதல். மருத்துவமனை வாசலிலிருந்து பார்த்தவருக்கு அது ஒரு குடும்பத்தின் அழிவு. அதே 2009 தொடக்கத்தில் வன்னிக்குள் சுயாதீனச் செய்தியாளர்கள் அனுமதிக்கப்படாமல், இராணுவம் அழைத்துச்சென்று காட்டிய காட்சிகளையே உலகம் பெரிதும் பார்க்க நேர்ந்ததை அறிந்த நமக்கு, உள்ளே ஒரு கேமரா இருப்பதன் மதிப்பை யாரும் விளக்க வேண்டியதில்லை.

குறைகளும் சிறியவை அல்ல. ஏறத்தாழ 1,200 பேர் கொல்லப்பட்டு, 251 பேர் பிணைக்கைதிகளாகப் பிடித்துச்செல்லப்பட்ட, ஹமாஸ் இயக்கம் நடத்திய 2023 அக்டோபர் 7 தாக்குதலில் உறவுகளை இழந்த இஸ்ரேலியக் குடும்பங்களுக்கு இச்சேவை ஒதுக்கும் நேரம் போதாது என்பதே என் மதிப்பீடு. ஹமாஸ் ஆட்சியைக் குறைகூறும் காசா மக்களின் குரலையும் இதில் அரிதாகவே கேட்டிருக்கிறேன். கத்தார் அரசின் நிதியில் இயங்கும் நிறுவனம் என்பதால், இஸ்ரேலுக்கும் ஹமாஸுக்கும் இடையே அந்நாடு செய்யும் மத்தியஸ்தம் பற்றிய செய்திகளைச் சற்று எச்சரிக்கையோடு பார்ப்பது நல்லது.

இறப்பு எண்ணிக்கையைச் சொல்லும்போது மேற்கத்திய ஊடகங்கள் பல, அதைத் தரும் சுகாதார அமைச்சகம் ஹமாஸின் பொறுப்பில் இருப்பதைச் சேர்த்துச் சொல்கின்றன. அல் ஜசீரா பெரும்பாலும் அதைச் சொல்வதில்லை. முன்னதைக் கேட்பவர் எண்ணிக்கையையே சந்தேகிக்கிறார். பின்னதைக் கேட்பவருக்கு எண்ணியவர் யார் என்பதே தெரிவதில்லை. முந்தைய போர்களில் ஐ.நா. தனியாகச் சரிபார்த்த எண்ணிக்கைகள் அமைச்சகத்தின் கணக்கோடு பெருமளவு ஒத்துப்போயின என்ற தகவலை இரு தரப்பும் சேர்த்துச் சொல்லியிருக்க வேண்டும்.

2024 மே 5 அன்று இஸ்ரேல் தன் நாட்டில் அல் ஜசீராவின் செயல்பாட்டைத் தடைசெய்ததிலிருந்து, அந்நாட்டுச் செய்திகளை இச்சேவை ஜோர்தான் தலைநகர் அம்மானிலிருந்து தருகிறது. தடையினால்தான் அங்கிருந்து பேசுகிறோம் என்று செய்தியாளர்கள் வெளிப்படையாகவே சொல்லிவிடுகிறார்கள். இஸ்ரேலுக்குள் நடக்கும் விவாதத்தை அறிய ஹாரெட்ஸ் நாளிதழின் ஆங்கிலப் பதிப்பையும் உடன் படியுங்கள். அதற்குச் சந்தா செலுத்த வேண்டியிருக்கும்.