எடின்பரோவின் இருண்ட வரலாற்றினூடே ஒரு மாலை நடை

ஸ்காட்லாந்தின் எடின்பரோவில், ராயல் மைல் சாலையிலிருந்து பிரியும் குறுகிய சந்துகளின் வழியே வழிகாட்டியுடன் செல்லும் மாலை நடைப் பயணம் ஒன்றில் அண்மையில் கலந்துகொண்டேன். பேய்க் கதைகளை எதிர்பார்த்துச் சென்ற என்னை, ஆவணங்களில் பதிவான உண்மைகளே அதிகம் நடுங்க வைத்தன.

பயணத்தின் உச்சம் கிரேஃபிரையர்ஸ் கல்லறைத் தோட்டம்தான். உடற்கூறியல் வகுப்புகளுக்குப் பிணங்கள் போதாததால் புதைத்த உடல்களைத் தோண்டித் திருடும் தொழில் பெருகியதையும், அதற்கு அஞ்சியவர்கள் கல்லறைகளின்மேல் கனத்த இரும்புக் கூண்டுகளைப் பொருத்தியதையும், இன்றும் அங்கே எஞ்சியுள்ள கூண்டுகளின் முன் எங்களை நிறுத்தி வழிகாட்டி விளக்கினார். பர்க், ஹேர் என்ற இருவர் கல்லறைகளைத் தோண்டவில்லை. 1828இல் 16 பேரைக் கொன்று, அவ்வுடல்களை உடற்கூறியலாளர் ராபர்ட் நாக்ஸுக்கு விற்றனர். ஹேர் அரசுத் தரப்புச் சாட்சியாகித் தப்பினார். 1829 ஜனவரி 28 அன்று தூக்கிலிடப்பட்ட பர்க்கின் எலும்புக்கூடு எடின்பரோ பல்கலைக்கழகத்தின் உடற்கூறியல் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. கொல்லப்பட்டவர்களில் பெரும்பாலோர், காணாமற்போனால் தேடுவதற்கு ஆளில்லாத ஏழைகள் என்பதை வழிகாட்டி அழுத்திச் சொன்னதற்காகவே இப்பயணத்தை மதிக்கிறேன்.

ஆனால், உரிமை கோரப்படாத ஏழைகளின் உடல்களை மருத்துவப் பள்ளிகளுக்குக் கிடைக்கச் செய்த 1832ஆம் ஆண்டின் சட்டத்தை அவர் ஒரே வரியில் கடந்தது பெருங்குறை. குழுவும் பெரிது, பின்வரிசையில் நின்றபோது பாதி சொற்கள் காற்றில் கரைந்தன. இறுதியில் முகமூடி அணிந்த ஒருவர் பாய்ந்து அச்சுறுத்தியது, அதுவரை கேட்ட துயரங்களுக்குச் சற்றும் பொருந்தவில்லை. செல்பவர்கள் வழிகாட்டியின் அருகிலேயே நடப்பது நல்லது; கற்கள் பாவிய சரிவுகள் மழையில் வழுக்கும் என்பதால் நல்ல காலணியும் தேவை.