பறவைக் குரலறிதல்: செயலிகளுடன் சில ஆண்டுகள்

பறவைகளைக் குரலால் இனங்காணும் கைப்பேசிச் செயலிகளைச் சில ஆண்டுகளாகத் தொடர்ந்து பயன்படுத்திவருகிறேன். அவற்றால் எனக்குக் கிடைத்த பெரும் பயன் திரையில் தோன்றும் பறவையின் பெயர் அன்று. அப்பெயரோடு சேர்ந்து ஓடிக்கொண்டிருக்கும், ஒலியைக் கோடுகளாக வரைந்து காட்டும் ஒலிவரைபடமே. பெயரை மட்டும் பார்த்துவிட்டுக் கைப்பேசியைப் பைக்குள் போட்டுக்கொள்பவருக்குப் பல பருவங்கள் கழிந்த பின்னும் செயலியின்றி எதுவும் விளங்காது. வரைபடத்தைப் பார்க்கப் பழகியவருக்கோ, ஒரு கட்டத்துக்குப் பிறகு அதே செயலி எப்போதாவதுதான் தேவைப்படும். இந்த வேறுபாட்டை மனத்தில் வைத்தே இவற்றை மதிப்பிடுகிறேன்.

இன்று பறவை நோக்கர்களிடையே பரவலாகப் புழங்கும் ஒலியறி செயலிகள் இரண்டு. அமெரிக்காவின் கார்னெல் பல்கலைக்கழகப் பறவையியல் ஆய்வகம் வெளியிடும் மெர்லின் ஒன்று. அதே ஆய்வகமும் ஜெர்மனியின் கெம்னிட்ஸ் தொழில்நுட்பப் பல்கலைக்கழகமும் இணைந்து உருவாக்கிய பேர்ட்நெட் மற்றொன்று. மெர்லின் 2014இல் வந்தபோது பறவையின் பருமன், நிறம், செயல் ஆகியவற்றைக் கேட்டுப் பெயரை ஊகிக்கும் கருவியாகவே இருந்தது. குரலை அறியும் வசதி 2021இல்தான் அதில் சேர்ந்தது. இரண்டுமே ஒலியை ஒலியாகக் கேட்பதில்லை. அதை முதலில் படமாக மாற்றி, முன்னரே பெயரிடப்பட்ட எண்ணற்ற பதிவுகளின் படங்களைக் கொண்டு பயின்ற கணினி வலையமைப்பின் வழியாக அப்படத்துக்குப் பெயர் தேடுகின்றன. பேர்ட்நெட் ஒலியை 3 நொடித் துண்டுகளாகப் பிரித்து ஒவ்வொரு துண்டுக்கும் தனித்தனியே விடை சொல்கிறது. மெர்லினோ பறவை குரலெழுப்ப எழுப்பப் பெயர்களைப் பட்டியலில் சேர்த்துக்கொண்டே போகிறது. அந்தந்த வட்டாரத்துக்குரிய தொகுப்பை முன்கூட்டியே இறக்கிவைத்திருந்தால் இணையத் தொடர்பு இல்லாத காட்டுக்குள்ளும் இயங்குகிறது. மூன்றாவதாக, செயலி அல்லாத ஒன்றையும் சொல்ல வேண்டும்: 2005இல் தொடங்கப்பட்ட ஜீனோ காண்டோ என்னும் இணைய ஒலிக்களஞ்சியம். உலகெங்கும் உள்ள ஆர்வலர்கள் தாம் பதிந்த பறவைக் குரல்களை அங்கே பொதுவில் வைக்கிறார்கள். ஒவ்வொரு பதிவின் தெளிவுக்கும் ஐந்து படிநிலைகளில் தரம் குறிக்கப்படுகிறது. வெளியில் இருக்கும்போது செயலியும், வீடு திரும்பிய பின் இக்களஞ்சியமும் என்பதே என் வழக்கமாகிவிட்டது.

ஒலிவரைபடத்தை வாசிக்கப் பெரிய பயிற்சி எதுவும் வேண்டியதில்லை. இடமிருந்து வலமாகக் காலம் நகர்கிறது. கீழிருந்து மேலாக அதிர்வெண் உயர்கிறது. ஒலி எவ்வளவு வலிமையோ அவ்வளவு அடர்த்தியாகக் கோடு விழுகிறது. தூய சீழ்க்கை மெல்லிய ஒற்றைக் கோடாகவும், கரகரத்த குரல் மேலும் கீழும் பரவிய கறையாகவும், அதிர்ந்து ஒலிக்கும் தொடர் நெருங்கி நிற்கும் சிறு கோடுகளாகவும் தெரியும். ஆண் குயிலின் கூவல்கள் ஒவ்வொன்றும் மேல்நோக்கி வளைவதையும், அடுத்தடுத்த கூவல் முந்தையதைவிடச் சற்று உயரத்தில் தொடங்குவதையும் படத்தில் ஒருமுறை பார்த்துவிட்டால், அக்காக்குயிலின் மூன்றசைக் குரலும் இப்படியே படிப்படியாக ஏறி உச்சத்தில் சட்டென்று அறுந்துபோவதைக் காதே தானாகக் கவனிக்கத் தொடங்கும். அதுவரை இரண்டும் ‘ஏதோ ஒரு குயில்’ என்றே பலருக்குப் படும். பெண் குயில் ‘கிக்-கிக்-கிக்’ என்று வெட்டி வெட்டிக் கத்தும் என்பதும், நாம் இனிமை என்று கொண்டாடும் கூவல் முழுவதும் ஆணுடையது என்பதும் பலருக்குச் செயலி வழியாகத்தான் தெரியவருகின்றன. இரண்டுக்கும் ஒரே பெயர் திரையில் வரும்போது, செயலி தவறிழைத்துவிட்டது என்றே முதலில் எண்ணுவார்கள்.

இப்படிக் கண்ணால் காதைப் பழக்குவதன் அருமை புறாக்களிடம் நன்கு விளங்கும். கள்ளிப்புறாவின் குரல் மூன்றசை; நடு அசையில்தான் அழுத்தம். சின்னத் தவிட்டுப்புறாவினுடையது விரைவான பல அசைகள், ஏறி இறங்கி, சன்னமான சிரிப்பொலியாக முடிவது. புள்ளிப்புறா இழுத்துக் குமுறி, இறுதியில் ‘ரூ’ என்று உருட்டும். மூன்றும் ஒரே வேலியின் மூன்று மூலைகளில் ஒருசேரக் குமுறும்போது வெறும் காதுக்கு அது ஒரே இரைச்சல்தான். படத்தில் ஒவ்வொன்றின் அசையெண்ணிக்கையும் இடைவெளியும் பிரிந்து நிற்கின்றன. அசைகளை எண்ணுவதும், அழுத்தம் எங்கே விழுகிறது என்று பார்ப்பதும், தொடர் வேகமெடுக்கிறதா தளர்கிறதா என்று கவனிப்பதும் குரலறிதலின் பாதி வேலை. ஓசையின் இனிமை, கரகரப்பு போன்ற அடைமொழிகளை நம்பியிருந்தவரை எனக்கு இது கைகூடவில்லை.

புதர்களுக்குள் ஒளிந்து திரியும் சிறு பறவைகளிடம் வரைபடம் இன்னும் கூடுதலாக உதவுகிறது. தையல்சிட்டு தன் உடலளவுக்குச் சற்றும் பொருந்தாத உரத்த குரலில் ஒரே அசையைத் திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டிருக்கும். அதே புதரில் வாழும் சாம்பல் கதிர்க்குருவியின் பாட்டும் மீள்வரிசைதான் என்றாலும் ஒவ்வொரு அசையும் இரண்டாகப் பிளவுபட்டது. போதாக்குறைக்கு, அது பதறிப் பறக்கும்போது ‘டிக் டிக்’ என்று சொடுக்கொலி ஒன்று எழும். அச்சொடுக்கு படத்தில் அடி முதல் நுனி வரை நீண்ட நேர்க்கோடாக விழுவதால், அது குரலே அன்று என்பது பார்த்த மாத்திரத்தில் புலப்படும். மாம்பழச்சிட்டு இவ்வளவு எளிதில் பிடிபடாது. ஒரே பறவை ஒரு காலையில் நான்கைந்து வகைச் சீழ்க்கைகளை மாற்றி மாற்றி எடுக்கும். அவற்றுள் நீண்டு சென்று திடீரென இறங்கும் ஒன்றை மட்டும் உறுதியாகப் பிடித்துக்கொண்டு, மற்றவற்றை மெல்ல மெல்ல அதனோடு சேர்த்துக்கொள்வதே நல்லது.

குறைகளைச் சொல்லும்போது எந்தச் செயலி என்று பிரித்துச் சொல்லத் தேவையில்லை. அவை எல்லாவற்றுக்கும் பொதுவானவை. முதலாவது, போலிக்குரல். இரட்டைவால் குருவி வல்லூற்றின் குரலைப் பாவனை செய்து மைனாக்களை விரட்டி இரையைத் தட்டிப் பறிப்பதுண்டு. துடுப்புவால் கரிச்சானோ தன்னைச் சுற்றியுள்ள பறவைகளின் எச்சரிக்கை ஒலிகளையெல்லாம் தன் பாட்டில் கோத்துக்கொள்ளும். பாவனை எவ்வளவு நேர்த்தியோ அவ்வளவு உறுதியாகச் செயலி பாவனை செய்யப்பட்ட பறவையின் பெயரைச் சொல்லும். ஒரே கிளையிலிருந்து சில நொடிகளுக்குள் தொடர்பே இல்லாத பறவைகளின் பெயர்கள் வரிசையாகத் திரையில் ஏறினால், அங்கே இருப்பது அநேகமாக ஒரு கரிச்சான்தான் என்று நானே முடிவு செய்துகொள்கிறேன். இரண்டாவது, பறவை அல்லாதவை. அணில் ஒரே தாளத்தில் விடாமல் எழுப்பும் எச்சரிக்கைக் கீச்சொலி செயலியை மட்டுமன்றிப் புதிதாய்த் தொடங்கும் மனிதரையும் மரத்தடியில் நெடுநேரம் நிறுத்திவைத்துவிடும்.

மூன்றாவது குறை இரைச்சல். இதில் ஒரு நுட்பம் உண்டு. வாகனங்களின் உறுமல் பெரும்பாலும் தாழ்ந்த அதிர்வெண்களில் குவிகிறது. செம்போத்தின் ‘ஊப் ஊப்’ என்னும் ஆழ்ந்த குரலும் புறாக்களின் குமுறலும் 1000 ஹெர்ட்ஸுக்குக் கீழே அதே பகுதியில்தான் அமைகின்றன. எனவே சாலையோரத்தில் செம்போத்து காதுக்குத் தெளிவாகக் கேட்டும் செயலியில் அடிக்கடி பதியாமல் போகும். சில்வண்டுகளின் இரைச்சல் இதற்கு நேர்மாறாக மேற்பகுதியில் அடர்ந்த பட்டையாகப் படர்ந்து, மெல்லிய சீழ்க்கைகளை மறைத்துவிடும். விடியற்பொழுதில் பதிவது நன்று என்பதற்குப் பறவைகள் அப்போது மிகுதியாகப் பாடுவது மட்டுமே காரணமன்று. இவ்விரு இரைச்சல்களும் அப்போது அடங்கியிருக்கும், காற்றும் அசையாது.

கருவியைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். கைப்பேசியின் ஒலிவாங்கியே போதும். அதன் துளையை விரல் மறைக்காமலும், உடையில் உரசாமலும், குரல் வரும் திசையை நோக்கியும் பிடித்துக்கொண்டு, நாமும் நின்ற இடத்தில் அசையாமல் நிற்க வேண்டும். மனிதப் பேச்சுக்காகப் பின்னணி ஒலியைக் குறைக்கும் அமைப்பு எதுவும் இயக்கத்தில் இருந்தால் அதை நிறுத்திவிட வேண்டும், ஏனெனில் அக்கருவியின் கணக்கில் பறவைதான் பின்னணி. திசையைப் பொறுத்தவரை ஒரு தொல்லை உண்டு. செம்மார்புக் குக்குறுவான் ‘டுக் டுக்’ என்று ஒலிக்கும்போது தலையைப் பக்கத்துக்குப் பக்கம் திருப்பிக்கொண்டே இருப்பதால், ஒரே கிளையில் அமர்ந்திருக்கும் பறவை இடம் மாறிக்கொண்டே இருப்பதாகத் தோன்றும். அலகைத் திறந்து பாடும் பறவையைத் தேடினாலும் அது அகப்படாது; அது அலகை மூடியபடியே, தொண்டைத் தோலை உப்பவைத்துக் குரலெழுப்பும்.

பாட்டு வேறு, அழைப்பொலி வேறு என்ற தெளிவு இல்லாமல் இச்செயலிகளை நெடுநாள் பயன்படுத்துவதில் பலனில்லை. இணையைக் கவரவும் எல்லையைக் காக்கவும் பாடப்படும் பாட்டு பெரும்பாலும் இனப்பெருக்கக் காலத்துக்குரியது. குண்டுகரிச்சான் அப்போது விடியலுக்கு முன்னரே உயர்ந்த கிளையில் அமர்ந்து நெடுநேரம் பாடும், மற்ற மாதங்களில் ஓரிரு கரகரப்பான ஒலிகளோடு நிறுத்திக்கொள்ளும். பாடும் பறவையினங்களின் குஞ்சுகள் மூத்த பறவைகளைக் கேட்டே பாட்டைக் கற்கின்றன; ஆகவே இடத்துக்கு இடம் ஒரே இனத்தின் பாட்டில் வேறுபாடு காணப்படும். குயிலின் குரலோ பிறவியிலேயே அமைந்தது. காகத்தின் கூட்டில் காகங்களால் ஊட்டி வளர்க்கப்பட்ட குஞ்சும் வளர்ந்ததும் குயிலாகவே கூவும். தொலைதூர நாட்டுப் பதிவோடு ஒப்பிடும்போது குயிலினங்களை ஓரளவு நம்பலாம், பாடும் பறவைகளிடம் எச்சரிக்கை வேண்டும் என்பது இதிலிருந்து நான் வகுத்துக்கொண்ட நடைமுறை.

குளிர்காலத்தில் வலசை வரும் இலைக்கதிர்க்குருவிகளும் நாணற்கதிர்க்குருவிகளும் குரலறிதலின் கடினமான பகுதி. இருநோக்கியில் பார்த்தாலும் பச்சையும் பழுப்புமாக ஒன்றைப் போல மற்றொன்று இருக்கும் இவை, இங்கிருக்கும் மாதங்களில் பெரும்பாலும் முழுப்பாட்டு பாடுவதில்லை. பச்சை இலைக்கதிர்க்குருவியின் ஈரசைக் கீச்சும், பிளைத் நாணற்கதிர்க்குருவியின் வறண்ட ‘டக்’ ஒலியும் ஆகிய சிறு துணுக்குகளே நமக்குக் கிடைக்கின்றன. இத்தகைய ஓரசை, ஈரசை ஒலிகளுக்குச் செயலி தரும் விடையைக் கருதுகோளாக மட்டுமே கொள்ள வேண்டும். பதிவைச் சேமித்துவைத்து, களஞ்சியத்தில் உள்ள தெளிவான பதிவுகளின் வரைபடங்களை அதன் அருகே வைத்து, அசைகளின் வடிவத்தை ஒப்பிட்ட பின்னரே என் குறிப்பேட்டில் பெயர் ஏறும். உருவம் மங்கிய இரவில், பக்கிகள் எனப்படும் இரவுப் பறவைகளுக்கும் இதே முறைதான். அவற்றின் இறகுகள் ஒன்றுபோல இருந்தாலும் குரலின் தாளம் இனத்துக்கு இனம் தெளிவாக வேறுபடுவதால், கதிர்க்குருவிகளைவிட அவை எளியவை.

புதிதாகத் தொடங்குபவருக்கு நான் வலியுறுத்துவது ஒன்றே: குரல் கேட்டதும் பெயரைத் தானே ஊகித்துச் சொல்லிவிட்டு, அதன் பிறகு செயலியை இயக்க வேண்டும். ஊகம் தவறாகவே இருந்தாலும், விடையோடு மோதிய ஊகம் நினைவில் தங்கும். கேட்காமலே கிடைத்த விடை தங்காது. அன்றாடம் கேட்கும் பத்துப் பன்னிரண்டு பறவைகளின் எல்லாக் குரல்களையும், அதாவது பாட்டு, அழைப்பு, எச்சரிக்கை, குஞ்சின் இரப்பு என அனைத்தையும் கற்பது, அரிய பறவைகள் ஐம்பதின் பெயர்களைச் சேகரிப்பதைவிட மிகுந்த பயன் தரும். தவிட்டுக்குருவிக் கூட்டம் கூச்சலிடும்போது அது வழக்கமான சலசலப்பா, பாம்பையோ பூனையையோ கண்ட பதற்றமா என்று பிரித்தறிய முடிந்தவருக்கு, அக்கூச்சலே அடுத்து எங்கே பார்க்க வேண்டும் என்பதைக் காட்டிக்கொடுத்துவிடும். பதிந்த குரலை உரக்க ஒலிக்கவிட்டுப் பறவையை வரவழைக்கும் பழக்கம் மட்டும் வேண்டாம். எதிரி வந்துவிட்டதாக எண்ணி அது இரை தேடலையும் கூட்டையும் விட்டுவந்து வீணே அலையும். ஒப்பிட்டுக் கேட்கக் காதணி ஒலிபெருக்கி இருக்கிறது.

வயது ஏறியவர்களுக்கு இச்செயலிகள் தனிப்பட்ட வகையில் உதவுகின்றன. முதுமையில் செவித்திறன் குறையும்போது முதலில் இழப்பது உயர் அதிர்வெண்களையே. தேன்சிட்டுகளும் பூக்கொத்திகளும் எழுப்பும் மெல்லிய கீச்சுகள் 5000 ஹெர்ட்ஸுக்கும் மேலே செல்வதால், பல ஆண்டுகள் பறவைகளைக் கேட்டுப் பழகியவர்களுக்கும் அவை ஓசையின்றி மறைந்துபோகும்; பேச்சுக்குத் தேவையான ஒலிகள் குறையாமல் கேட்பதால், இழப்பை அவர்களே உணர்வதும் அரிது. காதுக்கு எதுவும் எட்டாத நேரத்தில் வரைபடத்தின் மேற்பகுதியில் ஒழுங்கான இடைவெளியில் சிறு கோடுகள் விழுந்துகொண்டிருந்தால், அருகிலுள்ள பூச்செடியை இருநோக்கியால் தேடிப் பார்க்கலாம். இளவயதினர் ஒருவரை உடன் அழைத்துச் சென்று, அவருக்குக் கேட்பதையும் திரையில் தெரிவதையும் ஒப்பிட்டுக்கொண்டால், எந்த அதிர்வெண்ணுக்கு மேல் தம் காதை நம்பக்கூடாது என்பதை ஒவ்வொருவரும் தமக்கெனக் குறித்துக்கொள்ளலாம்.