ரீசெட்டா, முட்டையா, ரேடாரா? ஷைனி வேட்டையின் உண்மையான விலை

போக்கிமான் என்னும் விந்தை உயிர்களைப் பிடித்து வளர்க்கும் ஃபயர்ரெட் விளையாட்டில், பேராசிரியர் ஓக்கின் ஆய்வுக்கூடத்து மேசைமேல் மூன்று பந்துகள் இருக்கும். சார்மாண்டர் இருக்கும் பந்தின் முன்னால் நின்று விளையாட்டைச் சேமிக்கிறேன். பந்தை எடுக்கிறேன். பெயர் வைக்கிறாயா என்று கேட்கிறது, வேண்டாம் என்கிறேன். எதிராளிப் பையன் தன் பந்தை எடுத்து முடித்ததும் விவரப் பக்கத்தைத் திறந்து பார்க்கிறேன். நட்சத்திரக் குறி இல்லை. ஏ, பி, ஸ்டார்ட், செலக்ட் நான்கு பொத்தான்களையும் ஒன்றாக அமுக்குகிறேன். விளையாட்டு முதல் திரைக்குப் போய்விடுகிறது. மறுபடியும் அதே மேசை, அதே பந்து.

இதற்குத்தான் சாஃப்ட் ரீசெட் என்று பெயர். நிறம் மாறிய அரிய போக்கிமானை, அதாவது ஷைனியை, பிடிக்க உள்ள வழிகளில் மிகப் பழையதும் மிக எளியதும் இதுதான். ஆனால் எல்லாரும் முதலில் கையில் எடுப்பது இதையே என்பதால் இதுதான் சிறந்தது என்றாகிவிடாது. நான் ரீசெட், முட்டை, ரேடார் என்ற மூன்று வழிகளிலும் நேரத்தைக் கரைத்தவன். ஒவ்வொன்றுக்கும் சொல்லப்படும் வாய்ப்பு விகிதத்தை மட்டும் பார்த்து ஒன்றைத் தேர்ந்தெடுத்தால் ஏமாந்துபோவோம் என்பதே என் அனுபவம். ஒரு முயற்சிக்கு எத்தனை வினாடி ஆகிறது, தோற்ற முயற்சி கையில் எதையாவது மிச்சம் வைக்கிறதா, கிடைக்கும் உயிர் கதையின் எந்தக் கட்டத்தில் கிடைக்கிறது என்ற மூன்றையும் சேர்த்துத்தான் விலை போட வேண்டும்.

முதலில் விகிதம். 1999-இல் ஜப்பானில் வெளியான கோல்டு, சில்வர் விளையாட்டுகளில்தான் ஷைனி அறிமுகமானது. சினம் ஏரியின் சிவப்புக் கியாரடாஸை அந்தத் தலைமுறையில் யாரும் மறந்திருக்க மாட்டார்கள். அது கதைப்படி எல்லாருக்கும் கிடைப்பது. மற்றபடி 8192-க்கு ஒன்று. 2013-இல் எக்ஸ், ஒய் வந்தபோது அது 4096-க்கு ஒன்றாக இறங்கியது.

மூன்றாம் தலைமுறை விளையாட்டுகளிலிருந்து (ரூபி, சஃபையர், எமரால்டு, ஃபயர்ரெட் காலம்) இதன் உள்வேலை இப்படி: நீங்கள் புது விளையாட்டைத் தொடங்கும்போது உங்களுக்கு இரண்டு அடையாள எண்கள் ஒதுக்கப்படுகின்றன. ஒன்று விளையாட்டுக்குள் உங்கள் பயிற்சியாளர் அட்டையில் தெரியும், மற்றொன்று ஒளிந்திருக்கும். ஒவ்வொரு போக்கிமானும் பிறக்கும்போது அதற்கும் ஒரு நீண்ட எண் விழுகிறது. இவற்றைச் சேர்த்துக் கணக்கிட்டால் 65,536 விடைகளில் ஒன்று வரும். அவற்றில் எட்டே எட்டு விடைகள் ஷைனி (எக்ஸ், ஒய் முதல் பதினாறு). உங்கள் அடையாள எண் பூட்டு என்றால், எதிரே வரும் ஒவ்வொரு போக்கிமானும் ஒரு சாவி. ரீசெட் செய்யும்போது சாவி மட்டும் மாறுகிறது. பழைய பதிவை அழித்துவிட்டுப் புது விளையாட்டைத் தொடங்கினால் பூட்டே மாறிவிடுகிறது. ஒரு கார்ட்ரிட்ஜில் ஒரே ஒரு பதிவுக்குத்தான் இடம் என்பதால் பழைய கார்ட்ரிட்ஜ்களில் பூட்டை மாற்றுவது சிறிய முடிவு அல்ல. பழைய நண்பர்களை வேறொரு கார்ட்ரிட்ஜுக்கு அனுப்பி வைக்காமல் புது விளையாட்டைச் சேமித்துவிட்டு, பிறகு தலையில் கை வைத்தவர்களில் நானும் ஒருவன்.

என் விரல் வேகத்துக்கு ஃபயர்ரெட்டில் ஒரு சுற்று ஏறக்குறைய ஒரு நிமிடம். 8192 நிமிடம் என்றால் 136 மணி நேரத்துக்கு மேல். அத்தனை முறை செய்தாலும் கிடைக்கும் என்று உறுதி இல்லை. 8192 முறை முயன்றவர்களில் நூற்றுக்கு ஏறக்குறைய 37 பேர் வெறுங்கையோடுதான் இருப்பார்கள். 'இவ்வளவு செய்துவிட்டேன், இனி வந்துதானே ஆக வேண்டும்' என்று மனம் சொல்லும். விளையாட்டுக்கு அந்த நினைவெல்லாம் கிடையாது.

ரீசெட்டின் பெரிய குறை இந்த விகிதம் அல்ல. தோற்ற சுற்று எதையும் மிச்சம் வைப்பதில்லை என்பதே. ஐயாயிரம் முறை செய்த பிறகும் உங்கள் பதிவில் ஓடிய நேரம் பத்து நிமிடமாகத்தான் இருக்கும். உழைப்புக்கு ஒரு சுவடும் கிடையாது. கையில் நோட்டு வைத்துக் கோடு போடாவிட்டால் எத்தனை முறை செய்தோம் என்பதே நமக்குத் தெரியாது.

அப்படியும் நான் ஏன் இதை விடவில்லை? அந்தச் சார்மாண்டர் முதல் நாளிலிருந்து கூட வரும் என்பதால்தான். ஷைனி சார்மாண்டருக்கும் சாதாரண சார்மாண்டருக்கும் நிற வேறுபாடு மிகக் குறைவு. ஆரஞ்சுக்குப் பதில் கொஞ்சம் பொன்மஞ்சள், அவ்வளவுதான். அசட்டையாகப் பார்த்தால் தவறவிட்டுவிடுவோம். ஆனால் அது சாரிசார்டாக வளரும்போது கறுப்பாக நிற்கும். எட்டு ஜிம்களையும், அதாவது போட்டிக்கூடங்களையும், அதோடு ஏறி வந்தவருக்கு அந்தக் கறுப்பு எவ்வளவு பெரிய பரிசு என்று சொல்லத் தேவையில்லை. முட்டையோ ரேடாரோ கதை முடிந்த பிறகு கொண்டுவந்து கொடுக்கும் எதுவும் இதற்கு ஈடாகாது.

இதில் ஹார்ட்கோல்டு, சோல்சில்வர் சற்றுத் தாராளம். அங்கே மூன்று தொடக்கப் போக்கிமான்களையும் தேர்வுத் திரையிலேயே அவற்றின் உண்மையான நிறத்தில் பார்க்கலாம். ஒரு ரீசெட்டுக்கு மூன்று வாய்ப்பு. மூன்றில் எது வந்தாலும் சரி என்று நினைப்பவருக்கு வேலை மூன்றில் ஒரு பங்காகக் குறைகிறது.

எமரால்டு கதை வேறு. பலர் அறியாமல் மாட்டிக்கொள்ளும் பொறி இது. மற்ற விளையாட்டுகள் ஒவ்வொரு முறை எழும்போதும் தற்செயல் எண்களின் வரிசையை வெவ்வேறு இடத்திலிருந்து தொடங்குகின்றன. ஃபயர்ரெட்டில் தலைப்புத் திரையில் பொத்தானை எந்த நொடித்துகளில் அமுக்குகிறோம் என்பதைப் பொறுத்து அது மாறும். எமரால்டில் மட்டும் வரிசை எப்போதும் சுழியத்திலிருந்தே தொடங்குகிறது. பேட்டரி தீர்ந்த ரூபி, சஃபையர் கார்ட்ரிட்ஜ்களுக்கும் இதே கதிதான், தொடங்கும் எண் வேறு என்றாலும்.

இதன் விளைவு விசித்திரமானது. வரிசை வினாடிக்குச் சுமார் 60 படி நகர்கிறது. கை பழகிய ஒருவர் ஒவ்வொரு முறையும் ஒரே வேகத்தில் பொத்தான்களை அமுக்குவார். அவர் போக்கிமானை எடுக்கும் கணம் எப்போதும் அதே பத்து வினாடி இடைவெளிக்குள் விழும். அந்த இடைவெளியில் இருப்பவை சுமார் 600 விடைகள் மட்டுமே. அவற்றுள் ஒரு ஷைனியாவது இருப்பதற்கான வாய்ப்பு நூற்றுக்கு ஏழு. மீதி 93 பேர் அதே 600 போக்கிமான்களையே மாற்றி மாற்றிப் பார்த்துக்கொண்டிருப்பார்கள். வாழ்நாள் முழுக்கச் செய்தாலும் வராது! வேகமாகச் செய்பவருக்குத்தான் தண்டனை. சராசரியாக 137 வினாடிக்கு ஒரு ஷைனி அந்த வரிசையில் கடந்து போகிறது. ஆகவே எமரால்டில் ரீசெட் செய்பவர் ஒவ்வொரு முறையும் சற்று அதிகம் காத்திருந்து எடுக்க வேண்டும். இந்தக் குறையையே ஆயுதமாக்கி, எந்தக் கணத்தில் அமுக்க வேண்டும் என்று முன்கூட்டியே கணக்கிட்டுப் பிடிப்பவர்களும் உண்டு. அதை ஏமாற்று என்று நான் சொல்ல மாட்டேன். ஆனால் விடைத்தாளை வைத்துக்கொண்டு குறுக்கெழுத்து போடுவதில் எனக்கு ருசி இல்லை.

இனி முட்டை. 2006-இல் டயமண்டு, பேர்ல் விளையாட்டுகளோடு வந்த ஏற்பாடு இது. வெவ்வேறு மொழி விளையாட்டுகளில் பிடிபட்ட இரண்டு போக்கிமான்களைப் பராமரிப்பு இல்லத்தில் ஒன்றாக விட்டால், அவற்றின் முட்டை ஷைனியாகப் பொரியும் வாய்ப்பு கூடுகிறது. போக்கிமான் விளையாட்டுகளை உருவாக்கும் கேம் ஃப்ரீக் நிறுவனத்தில் அப்போது இருந்த ஜுனிச்சி மசூடாவின் பெயரால் இதை மசூடா முறை என்கிறார்கள். இவை அடங்கிய நான்காம் தலைமுறையில் 8192-க்கு ஐந்து, அதாவது சுமார் 1638-க்கு ஒன்று. எக்ஸ், ஒய் அடங்கிய ஆறாம் தலைமுறையில் 683-க்கு ஒன்று. போக்கிடெக்ஸை, அதாவது போக்கிமான் பட்டியலை, முடித்தவருக்குக் கிடைக்கும் ஷைனி தாயத்தும் கையில் இருந்தால் 512-க்கு ஒன்று. ஒரு முட்டைக்கு ஒரு நிமிடம் என்று வைத்துக்கொண்டால் எட்டரை மணி நேரம். ரீசெட்டின் 136 மணி நேரத்தின் பக்கத்தில் இதை வைத்துப் பாருங்கள்.

ஆனால் எல்லா முட்டைக்கும் ஒரு நிமிடம் போதாது. மேஜிகார்ப் முட்டை சுமார் 1,280 அடியில் பொரியும். ட்ராட்டினிக்குச் சுமார் 10,240 அடி. உடல் சூட்டுத் திறன் கொண்ட ஒன்றைக் கூட்டத்தில் வைத்திருந்தால் எமரால்டு முதல் இது பாதியாகும், ஐந்து முட்டைகளையும் ஒன்றாகச் சுமந்து நடக்கலாம். அப்படியும் ட்ராட்டினிக்கு இறங்குபவர் ஒரு வாரத்தை எழுதி வைத்துவிட வேண்டும். பொரிவதற்கு முன்னால் சேமித்துவிட்டு, ஷைனி இல்லையென்றால் ரீசெட் செய்து அதே முட்டையை மறுபடி பொரிக்கலாம் என்று பலர் நினைக்கிறார்கள். நான்காம் தலைமுறை முதல் அது வீண் வேலை. முட்டை கைக்கு வருவதற்குள் விதி எழுதப்பட்டுவிடுகிறது.

நம்மவர்கள் தடுமாறும் இடம் ஒன்று உண்டு. விளையாட்டு பார்ப்பது மொழியை, நாட்டை அல்ல. சென்னையில் ஆங்கிலத்தில் விளையாடும் நீங்கள் அமெரிக்காவில் ஆங்கிலத்தில் விளையாடுபவரிடம் டிட்டோ என்ற போக்கிமானை வாங்கினால் ஒரு பயனும் இல்லை. அடுத்த தெருவில் ஜப்பானிய மொழியில் விளையாடுபவரிடம் வாங்கினால் போதும். அப்படி ஒருவர் கிடைக்காவிட்டாலும் கவலை இல்லை. ஸ்விட்ச் கன்சோலில் இன்னொரு பயனர் கணக்கைத் திறந்து, அதே விளையாட்டை ஜப்பானிய மொழியில் புதிதாகத் தொடங்கி, ஒரு டிட்டோவைப் பிடித்து, போக்கிமான்களைச் சேமித்து இடம் மாற்ற உதவும் போக்கிமான் ஹோம் செயலி வழியாக உங்கள் கணக்குக்கு அனுப்பிவிடலாம். புரியாத எழுத்துகளுக்கு நடுவே சில மணி நேரம் ஏ பொத்தானை அமுக்க வேண்டியிருக்கும். டிட்டோ ஏறக்குறைய எல்லாவற்றோடும் இணையும் என்பதால் ஒன்றே வாழ்நாளுக்குப் போதும்.

முட்டையில் தோற்றாலும் கை வெறுமையாவதில்லை. ஷைனி ஆகாத குஞ்சுகளில் போர்த்திறனைத் தீர்மானிக்கும் இயல்பும் உள்மதிப்பும் நல்லவையாக உள்ளவை தேறும், மற்றவற்றைப் பரிமாறிக்கொள்ளலாம். போருக்கு ஏற்ற ஷைனி வேண்டும் என்றால் முட்டையைத் தவிர வேறு வழியை நான் சொல்ல மாட்டேன். ரீசெட்டில் 7,000 முறைக்குப் பிறகு வரும், ஒரே முறை தோன்றும் லூகியாவின் இயல்பு சொதப்பலாக இருந்தால் அழுதுகொண்டே ஏற்றுக்கொள்ள வேண்டியதுதான். 2019-இல் ஸ்வார்டு, ஷீல்டு விளையாட்டுகளில் இயல்பின் விளைவை மாற்றும் புதினா இலைகள் வந்த பிறகு இந்தத் துயரம் கொஞ்சம் தணிந்தது. அந்த லூகியாவுக்காக எதையும் தவறாமல் பிடிக்கும் மாஸ்டர் பந்தைப் பத்திரமாக வைத்திருங்கள் என்பதை மட்டும் இடையில் சொல்லிவிடுகிறேன்.

ரேடார் பற்றி நான் நியாயமாகப் பேசுவேன் என்று எதிர்பார்க்க வேண்டாம். டயமண்டு, பேர்லில் கதை முடிந்த பிறகு கிடைக்கும் கருவி இது. இயக்கினால் புல்லில் சில இடங்கள் அசையும். சரியான இடத்தில் கால் வைத்தால் அதே இனம் மறுபடி வரும், தொடர் நீளும். தொடர் 40-ஐத் தொட்டதும் ஒவ்வொரு அசையும் புல்லுக்கும் 200-க்கு ஒன்று என்ற அளவுக்கு வாய்ப்பு உயர்கிறது. மூன்றிலும் மிக நல்ல விகிதம், தாளில். 37-ஆவது படியில் தவறான புல்லை மிதித்தால் தொடர் அறுந்து, மறுபடி சுழியம். ரீசெட்டில் தோற்றால் ஒரு நிமிடம் போகும். இங்கே ஒரு மாலைப்பொழுதே போகும். ஒவ்வொரு முறை மின்னேற்றவும் 50 அடி வேறு நடக்க வேண்டும். மின்னும் புல் கண்ணில் படும் கணம் அபாரமானது, மறுக்கவில்லை. ஆனால் ரீசெட்டையும் முட்டையையும் பஸ்ஸில் உட்கார்ந்து, பாதி கவனத்தோடு செய்யலாம். ரேடாருக்கு முழு மனிதன் தேவை.

பின்னால் வந்த வழிகளை விரைவாகக் கடந்துவிடலாம். எக்ஸ், ஒய்யில் ஐந்து ஐந்தாகக் கூட்டமாக வருபவை, சன், மூனில் கூட்டாளியைக் கூப்பிட வைக்கும் தொடர், 2022-இல் லெஜண்ட்ஸ் ஆர்சியஸில் சாதாரணமாகவே 158-க்கு ஒன்று தரும் பெருங்கூட்டங்கள். ஆர்சியஸில் ஷைனி வந்தால் ஓசை எழுந்து மின்னும். அதே ஆண்டு வந்த ஸ்கார்லெட், வயலட்டில் ஓசையும் இல்லை. ஆனால் தானாகப் போரிட அனுப்பும் துணைப் போக்கிமான் ஷைனியைத் தாக்க மறுத்துவிடுகிறது, நல்ல பிள்ளை. இவை எல்லாம் வசதியானவை. ஒரே மாலையில் மூன்று ஷைனி பிடித்த அன்று, மூன்றாவதற்குப் பெயர் வைக்கக்கூட எனக்குத் தோன்றவில்லை.

ரீசெட்டுக்கு இறங்குமுன் கட்டாயம் பார்க்க வேண்டியது பூட்டப்பட்டவை எவை என்பதை. 2010-இன் பிளாக், ஒயிட்டில் ரெஷிராம், செக்ரோம், விக்டினி மூன்றும் எத்தனை முறை செய்தாலும் ஷைனியாக வராது. எக்ஸ், ஒய்யில் மியூட்டூவும் அப்படித்தான். ஸ்வார்டு, ஷீல்டிலும் ஸ்கார்லெட், வயலட்டிலும் தொடக்கப் போக்கிமானுக்கே பூட்டு போட்டுவிட்டார்கள். ஷைனி வேண்டுமானால் அதே இனத்தை முட்டையில்தான் எடுக்க வேண்டும், கதை கொஞ்சம் நகர்ந்த பிறகு. போதாதற்கு இந்த ஸ்விட்ச் விளையாட்டுகளில் நான்கு பொத்தான் வித்தையும் இல்லை. ஹோம் பொத்தானை அமுக்கி, விளையாட்டை மூடி, மறுபடி திறந்து காத்திருக்க வேண்டும். தானியங்கிச் சேமிப்பை அணைக்க மறந்தவருக்கு முதல் முயற்சியே கடைசி முயற்சி.

அதனால்தான் என் கணக்கு இப்படிப் பிரிகிறது: தொடக்கத் துணைக்கும், ஒரே முறை தோன்றும் பெரும் போக்கிமான்களுக்கும் பழைய கார்ட்ரிட்ஜில் ரீசெட். மற்ற எல்லாவற்றுக்கும் ஜப்பானிய டிட்டோவும் முட்டையும். ரேடாரை நண்பன் ஒருவனுக்குச் சிபாரிசு செய்திருக்கிறேன். அவன் பொறுமைசாலி, பஸ்ஸிலும் ஏறுவதில்லை. என் நோட்டில் ஃபயர்ரெட் பக்கத்தில் இப்போது 2,317 கோடுகள்.