காந்திபுரத்தில் பழைய வீடியோ கேசட்டைப் பென் டிரைவில் ஏற்றித் தரும் கடை: படம் நன்று, ஒலியில் கவனம் தேவை

1989-இல் தாராபுரம் பக்கத்துத் தோட்டத்து வீட்டில், ஆன்டெனாவைக் கொடைக்கானல் ஒளிபரப்புக் கோபுரத்தின் பக்கம் திருப்பி வைத்து அப்பா பதிவு செய்த விஎச்எஸ் கேசட் ஒன்றைச் சென்ற மாதம் கோவை காந்திபுரத்துச் சிறு கடை ஒன்றில் கொடுத்தேன். நாடக மேடையிலிருந்து சென்னைத் தொலைக்காட்சிக்கு வந்த ஒரு தம்பதியர் நடித்த பதினைந்து நிமிட நகைச்சுவைக் காட்சி அதில் இருக்கிறது. எங்கள் வீட்டைத் தவிர வேறெங்கும் அவர்கள் பேச்சு அடிபட்டு நான் கேட்டதில்லை.

நாடாவின் ஓரத்தில் வெண்பூஞ்சை படிந்திருந்தது. கடைக்காரர் அவசரப்பட்டு அதைக் கேசட் ஓட்டும் கருவியான விசிஆரில் போடாமல், கூட்டைப் பிரித்து, நாடாவைக் கையால் சுற்றிச் சுற்றித் துடைத்தார். பூஞ்சையோடு ஓட்டினால், நாடாவைப் படிக்கும் ஹெட் பாழாகும். ஜப்பானின் ஃபுனாய் நிறுவனமும் 2016 ஜூலையோடு விசிஆர் தயாரிப்பை நிறுத்திவிட்ட பிறகு, இருக்கிற கருவியைக் காப்பாற்றுவதுதான் பிழைப்பு. படம் நான் எதிர்பார்த்ததைவிடத் தெளிவாகவே வந்தது.

குறை ஒலியில் இருந்தது. கணவர் பால் கணக்கில் மிச்சம் பிடிக்கும் திட்டத்தை நீட்டி முழக்கி முடித்ததும், மனைவி கரண்டியைக் கீழே வைத்து, அவரை ஏற இறங்கப் பார்த்து, மூன்று விநாடி கழித்து, "சரிங்க" என்பார். அந்த மூன்று விநாடியில்தான் சிரிப்பே இருக்கிறது. முதல் பிரதியில் ஒலி முந்திக்கொண்டதால், அந்த அம்மாள் வாய் திறக்கும் முன்பே "சரிங்க" வந்து விழுந்தது. திருமண கேசட்டில் நாதஸ்வரம் அரை விநாடி முந்தினால் யாருக்கும் தெரியாது; நகைச்சுவையில் அது கொலை. சுட்டிக்காட்டியதும், கூடுதல் பணம் கேட்காமல் திருத்திக் கொடுத்தார்கள்.

அதைவிட வருத்தம், "தேவையில்லாத பகுதி" என்று தொடக்கத்தை வெட்டியிருந்தது. அறிவிப்பாளர் அவர்கள் இருவரின் பெயரையும் சொல்வது அங்கேதான். 1947 நவம்பரில் தொடங்கிய "மேரி கே அண்ட் ஜானி" என்ற அமெரிக்கத் தொடரிலும் உண்மைத் தம்பதியரே நடித்தார்கள். 1948 டிசம்பரில் அவர்களுக்குப் பிறந்த மகனைக்கூடக் கதைக்குள் கொண்டுவந்தார்கள். நேரலையாக ஒளிபரப்பான அத்தொடரில் இன்று எஞ்சியிருப்பது மிகச் சொற்பம். அங்கே கைக்கு எட்டாமல் போனதை இங்கே கைக்கு வந்த பின் வெட்டுவது என்ன நியாயம்? கேட்டு வாங்கி, வெட்டாத பிரதியையும் பென் டிரைவில் ஏற்றிக்கொண்டேன்.

ஒரு கேசட்டுக்கு 450 ரூபாய் வாங்கினார்கள். துடைத்த வேலைக்கு அது நியாயமே. கொடுக்கும்போதே "எதையும் வெட்ட வேண்டாமுங்க" என்று ரசீதில் எழுதி வாங்கிக்கொள்ளுங்கள். கேசட்டின் அட்டை உறையையும் மறக்காமல் திரும்பக் கேளுங்கள். அப்பா கைப்பட எழுதிய எங்கள் உறை கடை மேசையிலேயே தங்கிவிட்டதால், நான் மறுபடியும் தாராபுரத்திலிருந்து பஸ் ஏற வேண்டியதாயிற்று.